யார் வீட்டுச் சான்றிதழ்?

ஆசிரியர் வேலை கேட்ட பெண்களின் தகுதியை முடிவு செய்யப் பார்க்க வேண்டியது அப்பாவின் வருமானத்தையா, கணவரின் வருமானத்தையா? கர்நாடகத்தில் ஒரு காகிதம் கிளப்பிய வழக்கு, மூன்று ஆண்டுகள் கோர்ட் படியேறிவிட்டு முதல் படிக்கே திரும்பியது.

2022 நவம்பர் 18. கர்நாடகப் பள்ளிக் கல்வித் துறையின் தற்காலிகத் தேர்வுப் பட்டியல் வெளியானது. ஆறு முதல் எட்டாம் வகுப்பு வரை பாடம் நடத்த 15,000 பட்டதாரி ஆசிரியர்கள் தேவை என்று அந்த ஆண்டு பிப்ரவரியில் அறிவிப்பு. மே மாதம் தேர்வு. மதிப்பெண் இருக்கிறது, வேலை நிச்சயம் என்ற நம்பிக்கையோடு பட்டியலைப் பார்த்த திருமணமான பெண்கள் பலருக்கு அதிர்ச்சி. பிற்படுத்தப்பட்டோர் ஒதுக்கீட்டில் அவர்களது பெயர் இல்லை. பொதுப் பிரிவுக்கு மாற்றப்பட்டிருந்தார்கள். அங்கே இருந்த போட்டிக்கு அந்த மதிப்பெண் போதவில்லை.

அவர்கள் செய்த தப்பு? சாதி, வருமானச் சான்றிதழை அப்பாவின் பெயரில் கொடுத்திருந்தார்கள். கல்யாணமாகிவிட்டால் கணவரின் வருமானம்தான் கணக்கு என்பது அதிகாரிகள் வாதம்.

சில்லறை விஷயமாகத் தோன்றலாம். ஆனால் இதன் வேர் ஆழமானது. பிற்படுத்தப்பட்டோரில் வசதி படைத்தவர்களுக்கு ஒதுக்கீடு கூடாது என்று 1992இல் மண்டல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. யார் அந்த 'கிரீமி லேயர்' என்று வரையறுத்து 1993 செப்டம்பரில் மத்திய அரசு உத்தரவு போட்டது. அது பேசுவது மகன்களையும் மகள்களையும் பற்றி. அளவுகோல், பெற்றோரின் நிலை. ஒருவர் எந்த வீட்டில் வளர்ந்தார், என்ன வசதியோடு படித்தார் என்பதே கேள்வி. ஆணுக்குக் கல்யாணம் ஆனாலும் ஆகாவிட்டாலும் அப்பாவின் சான்றிதழ் செல்லும். பெண்ணுக்கு மட்டும் தாலி ஏறியதும் அளவுகோல் மாறுமா?

விதான சௌதாவுக்கு எதிரே, சிவப்புக் கட்டிடமான அத்தாரா கச்சேரியில் இயங்கும் உயர் நீதிமன்றத்துக்குக் கேள்வி போனது. 2023 ஜனவரி 30 அன்று தனி நீதிபதி பெண்கள் பக்கம் தீர்ப்பளித்தார். பெற்றோரின் வருமானச் சான்றிதழையே ஏற்க வேண்டும் என்றார். துறை பட்டியலைத் திருத்தியது. மார்ச் 8 தேதியிட்ட இறுதிப் பட்டியலில் 13,352 பெயர்கள்.

கதை அதோடு முடியவில்லை. சிலர் உள்ளே வந்தால் சிலர் வெளியே போக வேண்டும். நவம்பர் பட்டியலில் தன் பெயரைப் பார்த்துவிட்டு, புதிய பட்டியலில் அதைக் காணாமல் நின்றவர்களின் வேதனையும் லேசானதல்ல. அவர்கள் எந்தச் சான்றிதழிலும் தப்பு செய்யவில்லை. அவர்களும் கோர்ட்டுக்குப் போனார்கள்.

2023 அக்டோபர் 12. இரு நீதிபதிகள் கொண்ட அமர்வு தனி நீதிபதியின் தீர்ப்பை ரத்து செய்தது. அப்பாவா, கணவரா என்ற கேள்விக்கு அது விடை சொல்லவில்லை. அரசுப் பணி நியமனத் தகராறு என்றால் முதலில் போக வேண்டியது கர்நாடக நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கு என்றது. இறுதிப் பட்டியலின்படி நியமனங்கள் நடக்கவும் வழிவிட்டது. வழக்கு டில்லிக்குப் போனது. 2025 அக்டோபர் 16 அன்று உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. ஆறு மாதத்துக்குள் முடிவு சொல்லும்படி தீர்ப்பாயத்துக்குக் கெடு விதித்தது.

சட்டப்படி இது புதிதல்ல. இத்தகைய தகராறுகளில் தீர்ப்பாயமே முதல் நீதிமன்றம் என்று 1997இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் எந்தக் கதவைத் தட்டுவது என்று தெரிந்துகொள்ளவே ஏறத்தாழ மூன்று ஆண்டுகள். வயதும் குடும்பமும் அதுவரை காத்திருப்பதில்லை.

மேற்கு வங்கத்தில் 2016 தேர்வில் நடந்த மோசடிகளுக்காக ஏறத்தாழ 26,000 ஆசிரியர், ஊழியர் நியமனங்களை 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பெங்களூருவில் கிளம்பிய இந்த வழக்கின் மையத்தில் லஞ்சப் புகார் இல்லை, விடைத்தாள் திருத்தல் இல்லை. வெறும் ஒரு விதி, அதற்கு இரண்டு அர்த்தங்கள். நேர்மையான தேர்வைக்கூட முடக்க அது போதுமானதாக இருந்தது.

தேர்வு தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு சொன்னது. அதற்கு முன்னால் ஒரு கடமை இருக்கிறது: விதியைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் எழுதுவது. எந்தச் சான்றிதழ், யார் பெயரில், எந்தத் தேதிக்குள் என்று அறிவிப்பிலேயே அச்சடிக்கலாம். குறை இருந்தால் பட்டியல் போடும் முன்பே விண்ணப்பதாரரைக் கூப்பிட்டுக் கேட்கலாம். இதற்கெல்லாம் பெரிய செலவு ஆகாது.

அறிவித்த இடங்கள் 15,000. இறுதிப் பட்டியலில் இருந்ததோ 13,352 பெயர்கள். மீதி 1,648 இடங்கள் காலி. கோர்ட்டில் ஒரு நாளும் ஆஜராகாத ஒரு தரப்பு உண்டு. 2022இல் ஆறாம் வகுப்பில் உட்கார்ந்து டீச்சருக்காகக் காத்திருந்த பிள்ளைகள், உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்வதற்குள் எட்டாம் வகுப்பைத் தாண்டிவிட்டார்கள்.