டாக்கோ சாப்பிட்டால் சர்க்கரை ஏறுமா?

பாத்திரம் கழுவும் சிங்க்கைப் பாருங்கள். மேலே குழாயிலிருந்து நீர் விழுகிறது, அடியில் துளை வழியே வடிகிறது. ரத்தத்தில் சர்க்கரையின் கணக்கும் இதுதான். குழாய் நம் குடல். துளையைத் திறந்துவைப்பது இன்சுலின். இரண்டாம் வகை நீரிழிவில் துளை பாதி அடைபட்டிருக்கும்; வரத்து சற்றுக் கூடினாலே தொட்டி ததும்பும். மருந்தும் நடையும் அடைப்பைப் பார்த்துக்கொள்ளும். குழாயைத் திருகுவது சாப்பாட்டின் வேலை.

மெக்சிகோ நகரத்து டாக்கோ கடையில் அந்தக் குழாயைத் திருகுவது டோர்ட்டியா எனும் ரொட்டி. மக்காச்சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து, இரவெல்லாம் ஊறப்போட்டு, அரைத்துத் தட்டிச் சுட்டது. 15 செ.மீ. அகலமுள்ள ஒன்றில் மாவுச்சத்து சுமார் 12 கிராம். வடக்கு மெக்சிகோவின் பெரிய கோதுமை டோர்ட்டியாவில் இதைப்போல் இரண்டு மடங்குக்கு மேலும் இருக்கும். தெருக்கடையில் அளவு சின்னதுதான். ஆனால் கிழியாமலிருக்க இரண்டிரண்டாக அடுக்கித் தருவது வழக்கம். மூன்று டாக்கோ என்று கணக்கு வைத்தவர் ஆறு டோர்ட்டியா தின்றிருப்பார். அடியிலிருப்பதை உருவி ஓரமாக வையுங்கள், குழாய் பாதி மூடிவிடும்.

டோர்ட்டியாவுக்குள் வைப்பதும் குழாயைத் திருகும். கறி, மீன், அவகாடோ, வேகவைத்த கறுப்பு பீன்ஸ் எல்லாம் இரைப்பை காலியாவதைத் தாமதப்படுத்தும். கொட்டுகிற நீர் சொட்டத் தொடங்கும். நோபால் எனும் சப்பாத்திக்கள்ளி மடலை முள் சீவி, கல்லில் வாட்டி வைப்பதும் உண்டு. அந்த வழவழப்பில் இருப்பது கரையும் நார்ச்சத்து. சாப்பிட்டபின் ஏறும் சர்க்கரையை இது குறைப்பதாக மெக்சிகோவிலேயே நடந்த ஆய்வுகள் காட்டியிருக்கின்றன.

கார்னிடாஸில் மட்டும் ஒரு சூட்சுமம். பன்றிக்கொழுப்பிலேயே வேகும் கறி அது. கொழுப்பு மிகுந்தால் குழாய் மெதுவாகும், ஆனால் நெடுநேரம் ஓடும். இரண்டு மணி நேரம் கழித்துக் குத்திப் பார்த்தால் அளவு சாதுவாக இருக்கும். ஏற்றம் அதற்குப் பிறகு வரலாம். இன்சுலின் போடுபவர்கள் இதை மருத்துவரிடம் முன்கூட்டியே பேசிவைப்பது நல்லது.

இவ்வளவும் பார்த்துவிட்டுப் பக்கத்தில் கோலாவா? 355 மி.லி.யில் 39 கிராம் சர்க்கரை. தடுக்க நாரில்லை, புரதமில்லை. குழாயை முழுக்கத் திறந்துவிட்ட மாதிரிதான். மெக்சிகோ அரசு 2014-இல் லிட்டருக்கு ஒரு பெசோ வரி போட்டது இந்த இனிப்புப் பானங்களுக்குத்தான் (என் ஓட்டும் அந்த வரிக்கே). செம்பருத்தி இனத்துப் பூவில் போடும் ஹமைக்கா நீர் பார்க்க மருந்து மாதிரி இருந்தாலும் கடைகளில் சர்க்கரை தாராளம். சர்க்கரையில்லாமல் கிடைத்தால் வாங்குங்கள், இல்லையென்றால் வெறும் தண்ணீர் போதும்.