‘அமல்’ என்றால் நம்பிக்கையா, செயலா?

உங்களுக்குத் தெரியுமா? ‘அமல்’ அரபியில் அலிஃபில் தொடங்கினால் நம்பிக்கை. ஐன் எழுத்தில் தொடங்கினால் செயல். தமிழில் இரண்டுக்கும் ஒரே ‘அ’தான். அதனால் குழந்தைக்குப் பெயர் தேடுபவர்கள் முதலில் அதன் அரபு எழுத்துகளைக் கேட்டு வாங்க வேண்டும். பிறகுதான் அகராதி. அங்கே சொற்கள் வேரெழுத்துகளின் கீழ் இருக்கும், பெரும்பாலும் மூன்று. எட்வர்டு லேனின் அரபு-ஆங்கில அகராதி (1863–1893) அருமையானது. ஆனால் அவர் 1876இல் வேலை முடியுமுன் இறந்துவிட்டதால், கடைசி எழுத்துகளுக்கான பகுதி மெலிந்தே இருக்கிறது.

வேரே அகப்படவில்லையா? பெயர் அரபுதானா என்று பாருங்கள். ஷிரின், பர்வீன் இரண்டும் பாரசீகம். பர்வீன் வேறு யாருமில்லை, நம்ம கார்த்திகை நட்சத்திரக் கூட்டம்தான்! நூர்ஜஹானில் நூர் அரபு, ஜஹான் பாரசீகம்.