படி, ஆனால் அப்படியே நம்பாதே!
கப்பல் ஏறிய ஒரு பாடப் புத்தகத்தின் கதை

1831-ம் ஆண்டு டிசம்பர் 27-ந் தேதி.

இங்கிலாந்தின் பிளிமத் துறைமுகத்தில் இருந்து ஒரு சிறிய பாய்க்கப்பல் புறப்பட்டது. அதன் பெயர் "பீகிள்". நீளம் சுமார் 90 அடிதான். ஆனால், அது உலகத்தையே சுற்றி வரப்போகிறது!

அந்தக் கப்பலில் 22 வயது வாலிபர் ஒருவர் இருந்தார். நல்ல உயரம். அவருக்குக் கிடைத்த இடமோ மிகச் சிறியது. இரவில் தொங்கு படுக்கையில் படுத்தால் கால் நீட்ட முடியாது. ஆகவே, சுவரோடு இருந்த பெட்டியில் ஒரு இழுப்பறையைக் கழற்றி எடுத்துவிட்டார். அந்தச் சந்தில் காலை நீட்டிக்கொண்டு தூங்கினார்.

கப்பல் ஆடியது. வாலிபருக்குத் தாங்க முடியாத தலைசுற்றல், வாந்தி. சற்றுத் தெளிந்த நேரங்களில் அவர் ஒரு புத்தகத்தைக் கருத்தூன்றிப் படித்தார்.

அந்த வாலிபர்தான் சார்லஸ் டார்வின். பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்ற விஞ்ஞானி.

அந்தப் புத்தகம்? அதன் கதையைத்தான் இங்கே சொல்லப் போகிறோம்.

வக்கீல் எழுதிய நூல்

பூமி எப்படி உண்டாயிற்று, மலை ஏன் உயர்ந்தது, பாறைக்குள் கடல் சங்கு எப்படி வந்தது என்றெல்லாம் ஆராய்வது பூகர்ப்ப சாஸ்திரம். இந்நாளில் இதை நிலவியல் என்று சொல்கிறார்கள்.

டார்வின் கையில் இருந்தது "பூகர்ப்ப சாஸ்திரத்தின் தத்துவங்கள்" என்ற நூலின் முதல் பாகம். 1830-ல் வெளிவந்தது. எழுதியவர் சார்லஸ் லயல். ஸ்காட்லாந்தில் பிறந்தவர்.

லயல் படித்தது வக்கீல் படிப்பு. ஆனால், அவருக்குக் கண் பலவீனம். கட்டுக்கட்டாகக் காகிதங்களைப் படிக்கக் கஷ்டப்பட்டார். அவர் மனமும் கோர்ட்டில் இல்லை. கல்லிலும் மண்ணிலும் இருந்தது. வக்கீல் தொழிலை விட்டார். பிரான்சு, இத்தாலி நாடுகளில் ஊர் ஊராகச் சுற்றினார். எட்னா எரிமலை மீது ஏறினார்.

அந்தக் காலத்தில் ஐரோப்பாவில் பலர், பூமி தோன்றி 6 ஆயிரம் ஆண்டுகள்தான் ஆயின என்று எண்ணியிருந்தார்கள். அப்படியானால், இவ்வளவு பெரிய மலைகளும் பள்ளத்தாக்குகளும் எப்படி வந்தன? திடீர் என்று நேர்ந்த பெரும் பிரளயங்களால் வந்தன என்று பலர் சொன்னார்கள்.

லயல் அதை ஒப்புக்கொள்ளவில்லை. "இன்று என்ன நடக்கிறதோ, அதுதான் அன்றும் நடந்தது" என்பது அவர் கட்சி. மழை மண்ணைக் கரைக்கிறது. ஆறு வண்டலைக் கொண்டுபோய்க் கொட்டுகிறது. எரிமலை குழம்பைக் கக்குகிறது. பூகம்பம் தரையைச் சில அடி தூக்குகிறது. இவையெல்லாம் சிறிய வேலைகள். ஆனால், லட்சக்கணக்கான ஆண்டுகள் தொடர்ந்து நடந்தால்? சிறு துளி பெருவெள்ளம் ஆகிவிடும்!

பூமியின் வயது சுமார் 454 கோடி ஆண்டுகள் என்று இன்று கணக்கிட்டிருக்கிறார்கள். லயலுக்கு இந்தக் கணக்குத் தெரியாது. ஆனாலும், பூமிக்கு மிக நீண்ட காலம் இருந்தது என்று அவர் அடித்துச் சொன்னார்.

மூன்று தூண்கள்

சொன்னால் போதுமா? அத்தாட்சி வேண்டாமா?

லயல் தம் நூலின் முகப்பில் ஒரு படம் போட்டார். அந்தப் படத்தில் மூன்று தூண்கள் நிற்கும். இத்தாலியில் நேப்பிள்ஸ் நகருக்குப் பக்கத்தில் பொசுவோலி என்ற கடற்கரை ஊர் இருக்கிறது. அங்கே ரோமானியர் காலத்தில் கட்டிய ஒரு கட்டடத்தின் தூண்கள் அவை. கோவில் என்று அப்போது நினைத்தார்கள். அது பழைய சந்தைக் கட்டடம் என்று பின்னால் தெரிந்தது.

ஒவ்வொரு தூணும் சுமார் 40 அடி உயரம். அடியில் இருந்து 12 அடி வரை வழவழப்பாக இருக்கிறது. அதற்கு மேல் 9 அடி உயரத்துக்குச் சல்லடைக் கண்ணாகத் துளைகள்! துளைத்தது யார்? கல்லைக் குடையும் ஒரு வகைக் கடல் சிப்பிப் பிராணி. துளைகளுக்குள் அதன் ஓடுகளே கிடைத்தன.

கடல் பிராணி கரையில் நிற்கும் தூணில் ஏறித் துளைக்குமா? துளைக்காது. அப்படியானால் தூண்கள் ஒரு காலத்தில் கடலுக்குள் இருந்திருக்க வேண்டும். தரை தாழ்ந்து, கடல் நீர் சூழ்ந்தது. பிறகு தரை மறுபடியும் உயர்ந்தது. இவ்வளவும் நடந்தும் தூண்கள் விழவில்லை, நின்றபடியே நின்றன. ரோமானியர் காலத்துக்குப் பின், மனிதர் வாழ்ந்துகொண்டிருக்கும்போதே இது நடந்தது.

இந்த ஒரு படமே நூறு பக்கம் பேசியது.

பொசுவோலி இன்னும் அடங்கவில்லை. அந்த ஊர் எரிமலைப் பகுதியில் இருக்கிறது. 1982 முதல் 1984-க்குள் அங்கே தரை சுமார் 6 அடி உயர்ந்தது. ஆயிரக்கணக்கான மக்கள் வீடுகளைக் காலி செய்ய வேண்டியதாயிற்று. 2005-க்குப் பிறகு தரை மீண்டும் உயர்ந்து வருகிறது.

ஆசிரியரின் எச்சரிக்கை

இந்த நூலைப் படிக்கும்படி டார்வினுக்குச் சொன்னவர் ஹென்ஸ்லோ. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகப் பேராசிரியர். அவர் சொன்ன யோசனை விசித்திரமானது. "புத்தகத்தை வாங்கிப் படி. ஆனால், அதில் உள்ள கருத்துகளை மட்டும் ஏற்றுக்கொள்ளாதே" என்ற பொருளில் அவர் எச்சரித்தார்.

நூலை டார்வினுக்குப் பரிசாகக் கொடுத்தவர் "பீகிள்" கப்பலின் தலைவர் பிட்ஸ்ராய்.

ஆசிரியர் நம்பாதே என்கிறார். நூலோ நம்பச் சொல்கிறது. மாணவர் என்ன செய்வது?

டார்வின் இரண்டு பேர் பேச்சையும் கண்ணை மூடிக்கொண்டு கேட்கவில்லை. தாமே பார்த்து முடிவு செய்தார்.

வெள்ளைக் கோடு

1832 ஜனவரி 16-ந் தேதி. ஆப்பிரிக்காவுக்கு மேற்கே, வெர்டி முனைத் தீவுகளில் ஒன்றான சாந்தியாகோவில் கப்பல் நின்றது. டார்வின் கரையில் இறங்கினார்.

கடலோரப் பாறைச் சரிவில் ஒரு வெள்ளைக் கோடு தெரிந்தது. கடல் மட்டத்துக்கு மேலே சுமார் 45 அடி உயரத்தில், சில மைல் தூரத்துக்கு அது நீண்டு ஓடியது. கிட்டே போய்ப் பார்த்தார். அது சுண்ணாம்பு அடுக்கு. உள்ளே ஏராளமான கடல் சிப்பிகள்! அதன் கீழே பழைய எரிமலைப் பாறை. மேலே இன்னொரு எரிமலைக் குழம்பு பாய்ந்து இறுகிய பாறை.

டார்வின் யோசித்தார். இந்தச் சிப்பிகள் கடலடியில் வாழ்ந்தவை. அவற்றின் மேல் எரிமலைக் குழம்பு ஓடியது. பிறகு கடலடித் தரை முழுவதும் உயர்ந்து கரையாயிற்று. கோடு ஒழுங்காக இருப்பதால், அது நிதானமாக உயர்ந்திருக்க வேண்டும்.

லயலின் வழிதான் சரி என்று முதல் ஊரிலேயே அவருக்குப் பட்டது. "நாமும் ஒரு பூகர்ப்ப நூல் எழுதலாமே!" என்ற ஆசையும் அங்கேதான் பிறந்தது.

நூலின் இரண்டாம் பாகம் 1832 நவம்பரில், தென் அமெரிக்காவில் மான்டிவிடியோ துறைமுகத்தில் அவர் கைக்குக் கிடைத்தது.

தரை ஆடியது

1835 பிப்ரவரி 20-ந் தேதி. டார்வின் சிலி நாட்டில், வால்டிவியா என்ற ஊருக்கு அருகே காட்டில் படுத்து இளைப்பாறிக்கொண்டிருந்தார்.

திடீர் என்று பூமி ஆடியது! சுமார் இரண்டு நிமிட நேரம் ஆட்டம் நீடித்ததாக அவருக்குத் தோன்றியது. எழுந்து நின்றார். தலை சுற்றுவது போல் இருந்தது.

சில நாட்கள் கழித்துக் கன்செப்சியன் நகருக்குப் போனார். நகரம் தரைமட்டமாகக் கிடந்தது. போதாததற்குக் கடல் அலையும் பொங்கி வந்து கரையோர ஊரை அழித்திருந்தது.

அந்தத் துயரத்துக்கு நடுவில் டார்வின் இன்னொன்றையும் கவனித்தார். அங்கே தரை 2 முதல் 3 அடி வரை உயர்ந்திருந்தது. சுமார் 30 மைல் தூரத்தில் இருந்த சாந்தா மரியா தீவில் பிட்ஸ்ராய் அளந்து பார்த்தார். உயர்ந்த அலை தொடும் எல்லைக்கு 10 அடி மேலே, பாறையில் ஒட்டியபடி சிப்பிகள் செத்து அழுகிக்கொண்டிருந்தன. அந்தச் சிப்பிகளை எடுக்க முன்பு மக்கள் கடலில் மூழ்குவார்களாம்!

புத்தகத்தில் படித்தது கண் முன்னே நடந்துவிட்டது.

மாணவர் திருத்தினார்

இதுவரை நூல் ஜெயித்தது. இனிமேல்தான் விசேஷம்.

கடல் நடுவே வளையம் போன்ற பவளத் தீவுகள் இருக்கின்றன. சுற்றிலும் பவளப்பாறை, நடுவில் அமைதியான நீர். இது எப்படி வந்தது? கடலுக்கு அடியில் உள்ள எரிமலை வாயின் விளிம்பில் பவளம் வளர்ந்ததால் வளையம் வந்தது என்று லயல் எழுதியிருந்தார்.

டார்வினுக்கு வேறு யோசனை தோன்றியது. இந்தப் பாறைகளைக் கட்டும் பவளப் பிராணி வெளிச்சம் படும் ஆழமற்ற நீரில்தான் வளரும். ஒரு தீவைச் சுற்றிப் பவளம் வளர்கிறது. தீவு மெல்ல மெல்லத் தாழ்கிறது. பவளமோ மேலே மேலே வளர்கிறது. கடைசியில் தீவு மறைந்துவிடும். வளையம் மட்டும் மிஞ்சும்!

1836 அக்டோபரில் டார்வின் ஊர் திரும்பினார். லயல் அவரை வீட்டுக்கு அழைத்து விருந்து வைத்தார். பவளத் தீவு பற்றிய யோசனையைக் கேட்டார். கோபப்பட்டாரா? இல்லை. தம் கொள்கையை விட்டுவிட வேண்டியதுதான் என்று 1837-ல் ஒரு நண்பருக்குக் கடிதம் எழுதினார்.

டார்வின் சொன்னது சரி என்பது 1952-ல் உறுதியாயிற்று. பசிபிக் கடலில் எனிவெடாக் என்ற பவளத் தீவில் துளை போட்டார்கள். 4 ஆயிரம் அடிக்கும் மேல் பவளச் சுண்ணாம்பு. அதற்கும் கீழே எரிமலைப் பாறை!

70 வயதில் மாறினார்

இன்னொரு விஷயம் இதைவிடப் பெரியது. உயிரினங்கள் ஒன்றில் இருந்து ஒன்றாக மாறுவதில்லை என்று லயல் இரண்டாம் பாகத்தில் வாதாடியிருந்தார். டார்வின் 1859-ல் வெளியிட்ட நூல், மாறுகின்றன என்று சொன்னது.

லயலுக்கு இது சுலபமாக இல்லை. பல ஆண்டுகள் தயங்கினார். கடைசியில், 1867-68-ல் வந்த பத்தாம் பதிப்பில், டார்வின் பக்கம் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 70. சுமார் 35 ஆண்டுகளாகத் தாமே சொல்லி வந்ததைத் தம் கையாலேயே மாற்றி எழுதினார்!

1875-ல் லயல் காலமானார். அப்போதும் அவர் பன்னிரண்டாம் பதிப்பைத் திருத்திக்கொண்டிருந்தார்.

அவருக்குப் பின்னும் திருத்தம் நிற்கவில்லை. எல்லாமே மெல்லத்தான் நடந்தது என்பது லயல் வாதம். ஆனால், 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பு வானத்தில் இருந்து ஒரு பெரிய கல் பூமியில் மோதியது. அந்த யோசனையை 1980-ல் சில விஞ்ஞானிகள் வெளியிட்டார்கள். பிறகு, மோதிய பள்ளமே மெக்சிகோ நாட்டில் அடையாளம் தெரிந்தது. மெல்ல நடப்பதும் உண்டு. திடீர் என்று நடப்பதும் உண்டு என்று இன்றைய பாட நூல்கள் சொல்கின்றன.

நம் நாட்டு நூல்கள்

லயல் நூலில் இருந்த உதாரணங்களில் பல ஐரோப்பாவைச் சேர்ந்தவை. இமயமலையையும் தக்காணத்தையும் படிக்க விரும்பும் மாணவருக்கு அது போதுமா?

இந்தக் குறையைப் போக்கியவர்களில் ஒருவர் டி. என். வாடியா. ஜம்முவில் கல்லூரி ஆசிரியராக இருந்தபோது, 1919-ல் இந்தியாவின் பூகர்ப்பம் பற்றி மாணவர்களுக்கு ஒரு நூல் எழுதினார். 1943-ல் எம். எஸ். கிருஷ்ணன் இந்தியா, பர்மா இரண்டையும் பற்றி இன்னொரு நூலைக் கொடுத்தார். கிருஷ்ணன் தஞ்சை ஜில்லாவில் பிறந்த தமிழர். இந்தியப் பூகர்ப்ப ஆராய்ச்சி இலாகாவின் தலைமைப் பதவிக்கு வந்த முதல் இந்தியர் அவர்தான். இரண்டு நூல்களும் பல பதிப்புகள் வந்தன. தலைமுறை தலைமுறையாக மாணவர்கள் அவற்றைப் படித்தார்கள்.

நீங்களும் பார்க்கலாம்

உங்கள் வீட்டுப் பிள்ளை பூமியைப் பற்றிப் பாடம் படிக்கிறதா? முதலில் புத்தகம் எந்த ஆண்டுப் பதிப்பு என்று பாருங்கள். மிகப் பழையது என்றால், பிறகு வந்த நூல் ஒன்றையும் சேர்த்துப் படிக்கச் சொல்லுங்கள்.

அடுத்து, பிள்ளையை வெளியே அழைத்துப் போங்கள். யாராவது கிணறு வெட்டினால், பக்கத்தில் போகாமல் தள்ளி நின்றே கிணற்றுச் சுவரைக் காட்டுங்கள். மேலே ஒரு நிற மண், அதற்குக் கீழே வேறு நிறம், அப்புறம் சரளை, பிறகு பாறை என்று அடுக்கடுக்காகத் தெரியும். பொதுவாக, கீழே இருப்பதே பழைய அடுக்கு. புத்தகத்தில் இருக்கும் படத்தையும் அந்தச் சுவரையும் ஒத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

ஒத்துவராவிட்டால்? ஏன் என்று பிள்ளை கேட்கும். கேட்கட்டும், அதட்டாதீர்கள்.

கப்பலில் வாந்தி எடுத்துக்கொண்டே படித்த அந்த வாலிபரும் அப்படிக் கேட்டவர்தான். நூல் எழுதிய பெரியவரும் அந்தக் கேள்வியை மதித்தவர்தான்!