குளக்கரையில் வந்த வசந்தமாலை

சென்ற பருவத்தில் எங்களுக்குத் தரப்பட்ட இடுபணி, கணினி விளையாட்டு ஒன்றுக்கான கற்பனை உலகத்தை உருவாக்குவது. குழுவில் நான்கு பேர். உலகின் நடுவே ஒரு பாலைவனம், அதன் நடுவே ஆபத்தான ஒரு மாய இடம் என்று முதல் நாளே முடிவு செய்துவிட்டோம். அந்த இடத்தில் என்ன இருக்கும் என்பதில்தான் சிக்கல். பிரிக்பீல்ட்ஸ் உணவகம் ஒன்றில் தே தாரிக் ஆறிப்போகும் வரை பேசினோம். மணலுக்கடியில் ராட்சதப் புழு, எலும்புக் கோபுரம், பேசும் பாறை. எல்லாமே ஏதோ ஒரு படத்தில் பார்த்தவை.

"நமக்கு ஏது பாலைவனம்? நமக்குத் தெரிஞ்சதெல்லாம் வெள்ளம்தான்," என்றான் நண்பன். நியாயம்தான். 2021 டிசம்பரில் தாமான் ஸ்ரீ மூடா மூழ்கியதைப் பார்த்தவர்கள் நாங்கள்.

கிள்ளானுக்குத் திரும்பும் கொமுட்டர் ரயிலில், இடைநிலைப்பள்ளியில் படித்த ஐந்திணை நினைவுக்கு வந்தது. குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல் நான்குக்கும் சொந்த நிலம் உண்டு. பாலைக்குத் தொல்காப்பியம் தனி நிலம் வகுக்கவில்லை. முல்லையும் குறிஞ்சியும் கோடையில் காய்ந்து தம் இயல்பு கெட்டால் அதுவே பாலை என்கிறது சிலப்பதிகாரம். போன மாதம் பசுமையாக இருந்த காடே இந்த மாதம் பாலை! அதற்குரிய உணர்வு பிரிவு. அகநானூற்றின் 400 பாடல்களில் ஒற்றைப்படை எண் கொண்ட 200 பாடல்களும் பாலைத்திணைதான். பொருள் தேடி வீட்டை விட்டுப் போனவர்கள் அன்றும் அவ்வளவு பேர் போலும்.

அன்றிரவு அம்மாவின் அலமாரியிலிருந்த சிலப்பதிகார உரையை எடுத்தேன். மதுரைக் காண்டத்தின் முதல் பகுதி, காடுகாண் காதை. நாங்கள் தேடிய விளையாட்டு உலகம் அதில் அப்படியே இருந்தது.

கோவலனும் கண்ணகியும் கவுந்தியடிகளும் மதுரைக்கு நடந்துபோகிறார்கள். வழியில் சந்தித்த மாங்காட்டு மறையவன் பாதை சொல்கிறான். கொடும்பை என்னும் ஊரின் ஏரிக்கரையில் வழி மூன்றாகப் பிரியும், சிவனின் சூலத்தைப் போல. வலப்பக்க வழி வறண்ட காட்டைத் தாண்டிச் சிறுமலை ஓரமாகப் போகும். இடப்பக்க வழியில் திருமால்குன்றம், அதில் ஒரு குகை, மூன்று பொய்கைகள். புண்ணிய சரவணத்தில் மூழ்கினால் இந்திரனின் இலக்கண நூல் விளங்கும். பவகாரணியில் மூழ்கினால் முற்பிறப்பு தெரியும். இட்டசித்தியில் நினைத்ததெல்லாம் கிடைக்கும். ஆனால், குகைக் கதவைத் திறக்க வரோத்தமை என்பவள் கேட்கும் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும். தெரியாவிட்டாலும் அவள் துன்பம் செய்யமாட்டாள். தேர்வு எழுதும் நமக்கு இப்படி ஒருவர் கிடைத்தால் எப்படி இருக்கும்!

இந்த ஊர்கள் கற்பனையல்ல. கொடும்பை என்பது புதுக்கோட்டை மாவட்டத்துக் கொடும்பாளூர் என்கிறார்கள். திருமால்குன்றம் மதுரைக்கு அருகிலுள்ள அழகர்மலை. கைப்பேசி வரைபடத்தில் மூன்றையும் தொட்டுப் பார்த்தேன்.

கவுந்தியடிகளுக்குப் பொய்கைகள் தேவைப்படவில்லை. உண்மை தவறாமல் பிற உயிரைக் காப்பவர்க்குக் கிடைக்காத பொருள் ஏது என்று கேட்டுவிட்டு நடு வழியில் நடக்கிறார். கதை சூடுபிடிப்பது அங்கேதான். நடு வழியில் ஒரு தெய்வம் உண்டு, அது பயமுறுத்தாது, இனிமையாக வந்து மயக்கும் என்று மறையவன் முன்பே எச்சரித்திருந்தான்.

தண்ணீர் தேடிக் கோவலன் தனியாக ஒரு குளக்கரைக்குப் போகிறான். கானுறை தெய்வம் வசந்தமாலையின் உருவத்தில் வந்து காலில் விழுந்து அழுகிறது. வசந்தமாலை, மாதவியின் தோழி. மாதவி எழுதிய கடிதத்தைப் புகாரில் கொண்டுவந்து கொடுத்தவள். அதைக் கோவலன் வாங்க மறுத்தான். அந்த முகத்தைத்தான் தெய்வம் தேர்ந்தெடுக்கிறது. பயமுறுத்தும் முகம் என்றால் கோவலன் ஓடியிருப்பான். இந்த முகத்தைக் கண்டால் எப்படி ஓடுவான்?

இதைப் படித்தபோது எனக்குச் சுருக்கென்றது. இரண்டு மாதங்களுக்கு முன் என் பெரியம்மா மகளின் எண்ணிலிருந்து புலனத்தில் ஒரு செய்தி வந்தது. நலம் விசாரிப்பு, பிறகு அவசரமாக 300 வெள்ளி. அக்காவோடு சண்டை போட்டு, பேசாமல் இருந்த நேரம் அது. பேச்சு தொடங்கியதே என்ற மகிழ்ச்சியில் பணத்தை அனுப்பிவிட்டேன். அவள் கணக்கை யாரோ திருடியிருந்தார்கள். அக்கா எனக்கு மலாயில் எழுதியதே இல்லை. வந்த செய்தியோ முழுக்க மலாய். அது என் கண்ணில் படவேயில்லை. மோசடி நடந்ததும் 997 என்ற எண்ணை அழைக்க வேண்டும் என்பதே எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

கோவலன் கெட்டிக்காரன், அந்த இடத்தில் மட்டுமாவது. மறையவன் சொன்னது நினைவுக்கு வர, கொற்றவையின் மந்திரத்தைச் சொல்லிச் சோதிக்கிறான். உருவம் கலைகிறது. 'நான் வனசாரிணி. நான் செய்ததை உன் மனைவியிடமும் கவுந்தியிடமும் சொல்லாதே' என்று கெஞ்சிவிட்டு மறைகிறாள். என்னிடமும் மந்திரம் இருந்தது. ஒரே ஒரு தொலைபேசி அழைப்பு.

எங்கள் விளையாட்டில் இப்போது புழுவும் இல்லை, கோபுரமும் இல்லை. காய்ந்த காட்டில் ஒரு குளம். தாகத்தோடு போனால், விளையாட்டின் தொடக்கத்தில் நீங்கள் கைவிட்டு வந்த ஒருவர் அங்கே அழுதுகொண்டு நிற்பார். உங்கள் இருவருக்கு மட்டுமே தெரிந்த ஒன்றைக் கேட்டால் தப்பிக்கலாம். "சண்டையே இல்லாம யார் விளையாடுவா?" என்று நண்பன் கடைசி வரை முணுமுணுத்தான். மதிப்பிட வந்த விரிவுரையாளர் குளக்கரையில் மூன்று முறை ஏமாந்தார். நான்காவது முறைதான் கேள்வி கேட்க நினைத்தார்.

தாமரை இலையில் தண்ணீரோடு திரும்பிய கோவலன், குளக்கரையில் நடந்ததைக் கண்ணகியிடம் சொன்னதாகக் காப்பியத்தில் இல்லை. நானும் அந்த 300 வெள்ளியைப் பற்றி வீட்டில் வாய் திறக்கவில்லை. அம்மா இந்தப் பக்கத்தைத் தவறாமல் படிப்பவர். நாளை காலை கூப்பிடுவார்.