சாமுவேல் சோல்

சாமுவேல் ஜார்ஜ் சோல் (1889 – 1975) இங்கிலாந்தைச் சேர்ந்த கணிதவியலாளரும் அதீத உளவியல் ஆய்வாளரும் ஆவார். இலண்டன் பல்கலைக்கழகத்தின் குயீன் மேரி கல்லூரியில் கணிதம் கற்பித்தவர். ஒருவர் மனத்தில் உள்ளதை ஐம்புலன்களின் துணையின்றி மற்றொருவர் அறிய இயலும் என்னும் தொலையுணர்வுக் கொள்கைக்கு மிக வலுவான சான்றுகளை அளித்தவர் எனப் பல ஆண்டுகள் போற்றப்பட்டார். அவர் மறைந்து மூன்று ஆண்டுகளுக்குப் பின்னர் அச்சான்றுகள் திருத்தப்பட்டவை எனத் தெரியவந்தது.

தொடக்க கால ஆய்வுகள்

சோல் 1920களில் ஆவியுலகத் தொடர்பாளர்களின் அமர்வுகளில் கலந்துகொண்டார். போரில் இறந்துவிட்டதாகத் தாம் எண்ணிய பள்ளித் தோழர் ஒருவரின் குரலை அத்தகைய அமர்வொன்றில் கேட்டதாகவும், அத்தோழர் உயிருடன் இருப்பதைப் பின்னர் அறிந்ததாகவும் எழுதினார்.

அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் ஜோசப் பாங்க்ஸ் ரைன் சீட்டுகளைக் கொண்டு நடத்திய சோதனைகளைச் சோல் தொடக்கத்தில் நம்பவில்லை. அவற்றை 1934 முதல் 1939 வரை தாமே செய்து பார்த்தார். 160 பேர் மொத்தம் 1,28,350 முறை சீட்டுகளை ஊகித்தனர். விடைகள் தற்செயலாகக் கிடைக்கக்கூடிய அளவிலேயே இருந்தன. எதிர்மறை முடிவை இவ்வளவு பொறுமையாகச் சேர்த்தவர் என்பதே பின்னாளில் அவர் சொல்லுக்கு மதிப்பைக் கூட்டியது.

வாட்லி காரிங்டன் என்னும் ஆய்வாளர், ஊகங்களை அந்தந்தச் சீட்டுடன் மட்டுமன்றி முந்தைய, அடுத்த சீட்டுகளுடனும் ஒப்பிடுமாறு வற்புறுத்தினார். சோல் தயக்கத்துடன் பழைய தாள்களை மீண்டும் எடுத்தார். பாசில் சாக்கில்டன் என்ற ஒளிப்படக் கலைஞரும் குளோரியா ஸ்டூவர்ட் என்ற பெண்மணியும் பக்கத்துச் சீட்டுகளைச் சரியாகச் சொல்லியிருந்ததாக அறிவித்தார்.

சாக்கில்டன் சோதனைகள்

1941 முதல் 1943 வரை, கோல்ட்னி அம்மையாருடன் இணைந்து சாக்கில்டனை மீண்டும் சோதித்தார். யானை, ஒட்டகச்சிவிங்கி, சிங்கம், கூழைக்கடா, வரிக்குதிரை ஆகியவற்றின் படங்களைக் கொண்ட ஐந்து சீட்டுகள் பயன்பட்டன. சோதனையாளர் ஒரு திரையின் துளைவழியே 1 முதல் 5 வரையான எண்களில் ஒன்றைக் காட்டுவார். மறுபுறம் இருப்பவர் அந்த இடத்திலுள்ள சீட்டைத் தூக்கிப் பார்ப்பார். அடுத்த அறையில் சாக்கில்டன் ஒரு விலங்கின் முதலெழுத்தை எழுதுவார்.

ஒரு தொகுதியில் 3,789 ஊகங்களில் 1,101 ஊகங்கள் அடுத்து வரவிருந்த சீட்டுடன் பொருந்தின. தற்செயலாகக் கிடைக்கக்கூடியது ஏறத்தாழ 760 மட்டுமே. இவ்வேறுபாடு 13 திட்ட விலக்கங்களைத் தாண்டுகிறது. இயற்பியலில் புதிய துகளொன்றை அறிவிக்க 5 போதும். சோதனையின் வேகத்தைக் கூட்டியபோது பொருத்தம் இரண்டு சீட்டு தள்ளிச் சென்றதாகவும் கூறப்பட்டது.

பாதுகாப்பு ஏற்பாடுகள் கடுமையாகவே தோன்றின. பார்வையாளர்கள் உடனிருந்தனர். விடைத்தாள்களின் படிகள் ஒவ்வோர் அமர்வு முடிந்ததும் கேம்பிரிட்ஜில் இருந்த மெய்யியலாளர் சி. டி. பிராடுக்கு அஞ்சலில் அனுப்பப்பட்டன. ஆனால் பெரும்பாலான அமர்வுகளுக்கான எண் வரிசையை மடக்கை அட்டவணைகளிலிருந்து எடுத்துத் தயாரித்தவர் சோல். அவ்வரிசையை வேறெவரும் முன்கூட்டிப் பூட்டி வைக்கவில்லை. இந்த ஒரு துளையே பின்னர் எல்லாவற்றையும் கவிழ்த்தது.

சோல் 1950 முதல் 1952 வரை இலண்டன் உளநிகழ்வு ஆய்வுக் கழகத்தின் தலைவராக இருந்தார். கணினியியல் முன்னோடி ஆலன் டூரிங், இயந்திரங்கள் சிந்திக்குமா என ஆராய்ந்த தமது 1950ஆம் ஆண்டுக் கட்டுரையில், தொலையுணர்வுக்கான புள்ளியியல் சான்று மறுக்க முடியாதது எனக் கருதி அதற்கும் இடமளித்தார். அக்காலத்து நம்பிக்கை எவ்வளவு ஆழமானது என்பதற்கு இது போதும்.

சர்ச்சை

1955இல் அமெரிக்க வேதியியலாளர் ஜார்ஜ் பிரைஸ், இம்முடிவுகளுக்கு மோசடியே எளிய விளக்கம் என ‘சயன்ஸ்’ இதழில் எழுதினார். சோலிடம் ஏமாற்று இருந்ததற்கு நேரடிச் சான்று எதையும் அவர் காட்டவில்லை; 1972இல் அதே இதழில் வருத்தமும் தெரிவித்தார். (மரபியலில் இன்று ‘பிரைஸ் சமன்பாடு’ எனப்படுவது இவருடையதே.)

சாட்சி ஏற்கெனவே இருந்தது. சீட்டுகளைப் பார்ப்பவராக அமர்ந்த ஒரு பெண், சோல் தாளில் 1 என்னும் எண்ணை 4 ஆகவும் 5 ஆகவும் மாற்றியதைக் கண்டதாகக் கோல்ட்னியிடம் அப்போதே சொல்லியிருந்தார். இச்செய்தி 1960இல்தான் அச்சில் வந்தது. மூலத்தாள்களைச் சரிபார்க்கலாம் என்றால், 1945இல் இரயில் பயணத்தில் அவை தொலைந்துவிட்டன என்றார் சோல். எஞ்சிய படிகளை ஆராய்ந்த கிறிஸ்டபர் ஸ்காட்டும் பிலிப் ஹாஸ்கெலும், சில அமர்வுகளின் எண்கள் அப்பெண்ணின் கூற்றுக்கு ஒத்துப்போவதை 1973இல் ‘நேச்சர்’ இதழில் காட்டினர்.

இறுதி அடி 1978இல் விழுந்தது. எண் வரிசைகளை ஆராய்ந்த பெட்டி மார்க்விக், ஒரு தாளில் உள்ள நீண்ட வரிசை வேறொரு தாளில் அப்படியே திரும்ப வருவதைக் கண்டார். ஆனால் திரும்ப வந்த வரிசையின் இடையிடையே கூடுதல் எண்கள் செருகப்பட்டிருந்தன. அவற்றுள் பெரும்பாலானவை சாக்கில்டனின் சரியான விடைகளாக அமைந்த இடங்களே. அவற்றை நீக்கியதும் மிகுதி முழுவதும் மறைந்து, தற்செயல் அளவே எஞ்சியது.

சோலின் ஆதரவாளராக இருந்த கெய்தர் பிராட் கூறிய மாற்று விளக்கம் விந்தையானது. எண்களைச் செருகும்போது சோல் தம்மையறியாமலே எதிர்காலத்தை உணர்ந்திருக்கலாம் என்றார் அவர். எந்தத் தரவாலும் பொய்ப்பிக்க இயலாத கூற்று இது. எல்லாத் தாள்களிலும் இத்தடயம் கிடைக்கவில்லை. வில்லைகளைக் குலுக்கி எடுத்து எண் தேர்ந்த அமர்வுகளில் என்ன நடந்தது என்பதும் விளக்கப்படவில்லை. எனினும் எத்தாள்கள் நம்பத்தக்கவை எனப் பிரித்தறிய வழியில்லாததால், அதீத உளவியலாளர்களுள் பலரும் சோலின் பணிகள் அனைத்தையும் சான்றுப் பட்டியலிலிருந்து விலக்கிவிட்டனர். 1934 – 1939 காலத்து எதிர்மறை முடிவுகளும் அவற்றுடன் சேர்ந்தே மறக்கப்பட்டன.