அரசு மீது வழக்கு: எந்த நீதிமன்றத்தின் படியேறுவது?

தாத்தா காலத்திலிருந்து உழுதுவரும் நிலம். ஒரு நாள் கணினியில் பார்த்தால் 'அரசுப் புறம்போக்கு' என்று வருகிறது. கிராம நிர்வாக அலுவலர் வட்டாட்சியரைக் கைகாட்டுகிறார். வட்டாட்சியர் அலுவலகத்தில் மனு கொடுத்து மாதங்கள் ஓடுகின்றன. "கவர்மெண்ட் மேல கேஸ் போடணும்னா மெட்ராஸ் ஹைகோர்ட்டுக்குத்தான் போகணும்" என்று யாரோ சொல்ல, பத்திரக் கட்டை மடித்துக்கொண்டு வீடு திரும்புகிறவர்கள் உண்டு. அவர்கள் தேடும் நீதிமன்றம் பெரும்பாலும் அவர்கள் வட்டாரத்திலேயே இருக்கிறது.

பக்கத்து வயல்காரரும் அரசும் ஒன்றுதான்

1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆவது பிரிவு, வேறு சட்டம் தடுத்தாலொழிய எல்லா உரிமையியல் வழக்குகளையும் விசாரிக்கும் அதிகாரத்தை உரிமையியல் நீதிமன்றங்களுக்குத் தருகிறது. எதிராளி அரசு என்பதற்காக அந்தக் கதவு அடைபடுவதில்லை. அரசு தன் பெயரில் வழக்குத் தொடரலாம், அதன் மீதும் வழக்குத் தொடரலாம் என்று அரசமைப்புச் சட்டத்தின் 300ஆவது பிரிவும் சொல்கிறது.

இந்த உரிமையின் வேர் 1861இல் இருக்கிறது. கல்கத்தாவின் கிதர்ப்பூர் கப்பல் துறையில் அரசு வேலையாட்கள் சுமந்து சென்ற இரும்பு கீழே விழுந்து, ஒரு கப்பல் நிறுவனத்தின் வண்டிக் குதிரை காயப்பட்டது. தனியார் முதலாளியைப் போலவே அரசும் இழப்பீடு தர வேண்டும் என்று தீர்ப்பானது. ஆனால் இறையாண்மைச் செயல்களுக்கு அந்தப் பொறுப்பு இல்லை என்ற விலக்கும் அதே தீர்ப்பிலிருந்துதான் வளர்ந்தது. 1962இல் அரசு ஜீப் மோதி இறந்தவரின் குடும்பத்துக்கு இழப்பீடு தரச் சொன்ன உச்ச நீதிமன்றம், காவல் துறை கைப்பற்றிய தங்கம் காணாமல்போன வழக்கில் 1964இல் இழப்பீட்டை மறுத்தது. ஆக, வழக்குத் தொடுப்பது வேறு. பரிகாரம் கிடைப்பது வேறு.

ஊரும் மதிப்பும்

நிலத்தகராறு என்றால் நிலம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் வழக்கு. பணம், ஒப்பந்தம் போன்றவற்றுக்கு, வழக்குக்கான காரணம் எங்கே எழுந்ததோ அங்கே தொடுக்கலாம். எதிராளி மத்திய அரசு என்பதற்காக டெல்லிக்கு ரயிலேற வேண்டியதில்லை. ஊர் முடிவானதும், வழக்கின் மதிப்பைப் பொறுத்து அது மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்துக்கோ சார்பு நீதிமன்றத்துக்கோ மாவட்ட நீதிமன்றத்துக்கோ போகும்.

ரயில்வே நடத்துவது வணிகமே. எனவே, எதிராளி வணிகம் நடத்தும் இடம் என்ற வகையில், அந்த ரயில்வேயின் தலைமையகம் இருக்கும் ஊரிலும் வழக்குப் போடலாம் என்று 1963இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. சரக்கு வந்து சேராத ஒரு வணிகரின் வழக்கு அது. இன்று அதே சரக்கு தொலைந்தால் அவர் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போக முடியாது. 1987ஆம் ஆண்டுச் சட்டம் அந்த அதிகாரத்தை ரயில்வேக்கான தனித் தீர்ப்பாயத்துக்கு மாற்றிவிட்டது. மத்திய அரசு ஊழியரின் பணிச் சிக்கல், 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி எடுத்த நிலத்தின் இழப்பீடு ஆகியவற்றுக்கும் தனி அமைப்புகள் உள்ளன.

கேட்கும் விதம் முக்கியம்

தொடக்கத்தில் பார்த்த நிலத்துக்காரருக்கு வருவோம். தமிழ்நாடு பட்டா பாஸ்புத்தகச் சட்டம், 1983இன் 14ஆவது பிரிவின்படி, பாஸ்புத்தகத்தில் பதிவைச் சேர்க்கவோ நீக்கவோ திருத்தவோ கோரி அரசு மீதோ அதிகாரி மீதோ வழக்குத் தொடர முடியாது. ஆனால் அதே பிரிவு ஒரு வழியையும் திறந்து வைத்திருக்கிறது. தன் அனுபவத்தில் உள்ள உரிமை அந்தப் பதிவால் பாதிக்கப்பட்டால், அதை மறுப்பவர் மீது விளம்புகை வழக்குத் தொடரலாம். தீர்ப்புக்கு ஏற்பப் பதிவு திருத்தப்படும். 'பட்டாவைத் திருத்து' என்று கேட்டால் அடைபடும் கதவு, 'நிலம் என்னுடையது என்று விளம்பு' என்று கேட்டால் திறக்கிறது. பிராதின் ஒரு வரியில் வழக்கின் தலைவிதி இருக்கிறது.

அந்த வழக்கில் கிராம நிர்வாக அலுவலரை மட்டும் சேர்த்தால் போதாது. மாநில அரசையே எதிர்வாதியாக்க வேண்டும் என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 79ஆவது பிரிவு.

அந்த இரண்டு மாதம்

வழக்குத் தொடுக்கும் முன் அதே சட்டத்தின் 80ஆவது பிரிவின்படி நோட்டீஸ் அனுப்பி இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். மாநில அரசு என்றால் அரசுச் செயலருக்கோ மாவட்ட ஆட்சியருக்கோ, ரயில்வே என்றால் பொது மேலாளருக்கோ அது போக வேண்டும். கெடு முடியுமுன் போட்ட வழக்கு நிற்காது என்று 1984இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. நாளை வீட்டை இடிக்க வருகிறார்கள் என்பதுபோன்ற அவசரத்தில், நீதிமன்ற அனுமதி பெற்று நோட்டீஸ் இல்லாமலே வழக்குத் தொடரலாம்.

தவற்றைத் தானே திருத்திக்கொள்ள அரசுக்குத் தரும் அவகாசம்தான் இந்த இரண்டு மாதம். பெரும்பாலான நோட்டீஸ்களுக்குப் பதிலே வருவதில்லை, வந்தாலும் மழுப்பலாக இருக்கிறது என்று 2005இல் உச்ச நீதிமன்றமே வருந்தியது. ஒரு கோப்பைப் பிரித்துப் பார்த்திருந்தால் முடிந்திருக்கும் சிக்கல் பல ஆண்டு வாய்தாவாக நீள்கிறது. நோட்டீஸைப் படித்துப் பதில் எழுதுவது குடிமக்களுக்கு அரசு பட்ட கடன்.

கதவு மாறிப்போனால்

இடமோ மதிப்போ தவறினால், உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும்படி பிராது திருப்பித் தரப்படும். நல்லெண்ணத்தோடு தவறான இடத்தில் கழித்த காலத்தைக் காலவரம்புச் சட்டத்தின் 14ஆவது பிரிவு கழித்துக் கொடுக்கும். ஆனால் அந்த விவகாரத்தை விசாரிக்கவே அதிகாரமில்லாத நீதிமன்றம் தந்த தீர்ப்பு, எத்தனை ஆண்டு கழித்தும் செல்லாது. அலைந்த செருப்புத் தேய்ந்ததுதான் மிச்சமாகும்.

அதனால் முதல் செலவு ஆலோசனைக்காக இருக்கட்டும். பலருக்கு அதுவும் இலவசம். வட்ட அளவில் சட்டப் பணிகள் குழுக்கள் இயங்குகின்றன. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பின்றி அங்கே சட்ட உதவி உண்டு. வரப்புச் சண்டையில் அண்டை வீட்டாரை நிறுத்தும் அதே கூண்டில் அரசையும் நிறுத்தும் உரிமை நமக்கு இருக்கிறது. மடித்து வைத்த அந்தப் பத்திரக் கட்டை முதலில் சட்டப் பணிகள் குழுவுக்கு எடுத்துச் செல்லுங்கள்.