தலவில: ஊரும் திருத்தலமும்

புத்தளம் கடனீரேரிக்கும் மேலைக்கடலுக்கும் இடையே வடக்கு நோக்கி நீண்டு கிடப்பது கற்பிட்டித் தீபகற்பம். அதன் கடலோர மணற்பரப்பில் அமைந்த சிற்றூர் தலவில. ஆண்டின் பெரும்பகுதியும் அமைதியாக விளங்கும் இவ்வூர், மார்ச்சு மாதத்திலும் ஓகத்துத் தொடக்கத்திலும் வரும் விழாக்களின்போது பெருநகர் போலாகிவிடுகின்றது. காரணம், புனித அன்னம்மாள் ஆலயம். அன்னம்மாள் மரியன்னையின் தாய் என்பது கிறித்தவ மரபு.

தலத்தின் தோற்றம் பற்றி இரு கதைகள் வழங்குகின்றன. வறிய போர்த்துக்கேயர் ஒருவர் மரத்தடியில் உறங்குகையில் கனவிற் காட்சி பெற்றார் என்பது ஒன்று. கப்பலுடைந்து கரையேறிய ஐரோப்பிய வணிகர் மரத்தடியில் திருவுருவத்தை வைத்து, ஆலயம் எடுப்பதாக நேர்ந்துகொண்டார் என்பது மற்றொன்று. இரண்டிலும் மரநிழலே முதற் கோயில். தலவிருட்சத்தைப் போற்றும் சைவ மரபினர்க்கு இது புதிதன்று. இன்றுள்ள ஆலயத்தின் திருப்பணி 1837இல் தொடங்கி 1843இல் நிறைவெய்தியது.

எனினும், கட்டடத்தினும் பெரிது அங்குக் கூடும் மக்களின் மரபு. சிங்களவரும் தமிழரும் குடும்பமாக வந்து தங்குகின்றனர். இரு மொழிகளிலும் வழிபாடு நிகழ்கின்றது. இந்துக்களும் பௌத்தரும் நேர்த்திக்கடன் செலுத்துகின்றனர். 1983 முதல் 2009 வரை உள்நாட்டுப் போரைக் கண்ட நாட்டில் இஃது எளிய செய்தியன்று. தலவிலவின் நிலத்தை மணலும் கடலும் வரையறுக்கின்றன. அதன் சமூகத்தையோ நேர்ச்சை விரித்துக்கொண்டே செல்கின்றது.